நூறு மணி நேரம்னா எத்தனை வாரம்?

போன ஆகஸ்ட்ல செகண்ட் இயர் தம்பி ஒருத்தன் கேன்டீன்ல வச்சுக் கேட்டான்: "அண்ணா, பெர்சோனா 5 ராயல் முடிக்க எவ்ளோ நேரம் ஆகும்?" நான் டீயை உறிஞ்சிக்கிட்டே "100 மணி நேரம்டா"ன்னு சொல்லிட்டுப் போயிட்டேன். அவன் அதை அப்படியே நம்பி கணக்குப் போட்டிருக்கான். ஒரு நாளைக்கு 3 மணி நேரம், 33 நாள், செமஸ்டர் எக்ஸாம் வர்றதுக்குள்ள முடிச்சிடலாம். சேல் வந்ததும் வாங்கிட்டான். பத்து வாரம் கழிச்சுப் பார்த்தேன். அவனோட கணக்கு 19 மணி நேரத்துல நின்னுக்கிட்டு இருக்கு. "எனக்கு ஃபோகஸே இல்லண்ணா. ஒரு கேம்கூட முடிக்க முடியல, நான்லாம் எப்படி கேட் எழுதப் போறேன்"னு சொன்னான். விளையாட்டா சொல்லல, நிஜமாவே வருத்தமா சொன்னான்.

அவன்கிட்ட தப்பு இல்ல. நான் சொன்ன பதில்தான் உபயோகமில்லாத பதில். அதுக்குப் பரிகாரமா இந்தக் கட்டுரை. எழுதுறதுக்கு இன்னொரு காரணமும் இருக்கு: என் லேப்டாப்ல 61 மணி நேரத்துல நின்னுபோன ஒரு சேவ் ஃபைல். அதைப் பத்தி அப்புறம் சொல்றேன். (ஸ்கூல் முழுக்க இங்கிலீஷ் மீடியம், தமிழ் செகண்ட் லாங்குவேஜ். தமிழ்ல டைப் பண்றதே எனக்கு ஒரு பாஸ் ஃபைட். ஒற்றுப்பிழை இருந்தா எடிட்டர் மேல பழி போடுங்க.)

தெரியாதவங்களுக்காக ரெண்டு வரி. ஜேஆர்பிஜின்னா ஜப்பான்ல உருவான ரோல் பிளேயிங் கேம் வகை. ஒரு சின்ன கூட்டம், பெரிய கதை, மாறி மாறி அடிச்சுக்கிற சண்டை, லெவல் ஏத்துறது. பெர்சோனா 5 அட்லஸ் கம்பெனியோடது, ஜப்பான்ல 2016 செப்டம்பர்ல வந்தது. அதையே பெருசாக்கி 2019 அக்டோபர்ல ராயல்னு விட்டாங்க. நம்ம மாதிரி கன்சோல் இல்லாத ஜனங்களுக்கு 2022 அக்டோபர்ல பிசிக்கு வந்தது. கதையில நீங்க டோக்கியோவுக்கு மாற்றலாகி வர்ற ஒரு ஸ்கூல் பையன். ஏப்ரல்ல ஆரம்பிச்சு ஒவ்வொரு நாளா காலண்டர் நகரும். பகல்ல ஸ்கூல், சாயந்திரம் நண்பர்கள், நடுவுல பேலஸ்னு சொல்ற மாய உலகத்துக்குள்ள போய் திருட்டு. மே, ஜூலை, அக்டோபர், டிசம்பர்ல அவனுக்குப் பரீட்சைகூட உண்டு. நம்ம இன்டர்னலுக்குப் படிக்காம அவனை உட்கார வச்சுப் படிக்க வைப்போம். அந்தக் கொடுமையை விளையாடினவங்களுக்குத்தான் தெரியும்.

இப்ப கேள்விக்கு வருவோம். இந்த வகை கேம்கள் எல்லாமே ஒரே நீளம் இல்ல. 1995ல வந்த க்ரோனோ ட்ரிக்கர் 20, 25 மணி நேரத்துல முடிஞ்சிடும். 1997ல மூணு டிஸ்க்ல வந்த ஃபைனல் ஃபேன்டசி 7 கிட்டத்தட்ட 40. டிராகன் குவெஸ்ட் 11 ஒரு 60. பெர்சோனா 5 ராயல் கதையை மட்டும் பார்த்தாலே சுமார் 100. எல்லாத்தையும் சேகரிக்கிற ஆளா இருந்தா 140ஐத் தாண்டும்.

ஆனா "முடிக்கிறது"ன்னா என்னங்கிறதே முதல் சிக்கல். டிராகன் குவெஸ்ட் 11ல வில்லனைக் கொன்னு, பேர் எல்லாம் ஓடி முடிஞ்ச பிறகு, கதையோட மூணாவது பாகம் ஆரம்பிக்கும். உண்மையான முடிவு அங்கதான் இருக்கு. எழுந்து கைதட்டிட்டு லேப்டாப்பை மூடினவங்க எத்தனை பேரோ. பெர்சோனா 5 ராயல்ல இது இன்னும் மோசம். கேம்ல மருகின்னு ஒரு கவுன்சிலர் வருவார். அவரோட நட்பை நவம்பர் 18க்குள்ள 9வது ரேங்குக்குக் கொண்டு போகலைன்னா, ராயலுக்காகவே புதுசா எழுதின கடைசிப் பகுதி உங்களுக்குத் திறக்கவே திறக்காது. 80 மணி நேரம் விளையாடிட்டு, கதவு எப்போ மூடிச்சுன்னே தெரியாம வெளியே நிப்பீங்க. ஏன்னு நான் சொல்லல, கதை கெட்டுடும். தேதியை மட்டும் எங்கயாவது குறிச்சு வச்சுக்கோங்க. இந்தக் கட்டுரையில வேற எதுவும் ஞாபகம் இல்லைன்னாலும் பரவாயில்ல.

அடுத்த சிக்கல், எந்தக் கடிகாரத்தைப் பார்க்கிறோம்ங்கிறது. சேவ் ஃபைலுக்குள்ள ஒரு நேரம் ஓடும். ஸ்டீம்ல ஒரு நேரம் ஓடும். ரெண்டும் ஒத்துப்போகாது. செத்துப்போய் பழைய சேவை லோட் பண்ணா, உள்ளே இருக்கிற கடிகாரமும் பழைய நேரத்துக்கே திரும்பிடும். நீங்க தோத்த 40 நிமிஷம் வரலாறுலேயே இல்ல. ஸ்டீம் அப்படியே தலைகீழ். பாஸ் போட்டுட்டு மெஸ்ஸுக்கு சாப்பிடப் போனா, சாம்பார் சாதத்தையும் சேர்த்து எண்ணிக்கும். என்னோட சேவ் 61 மணி காட்டுது, ஸ்டீம் 84 காட்டுது. நடுவுல இருக்கிற 23 மணி நேரம் எங்க போச்சுன்னு யோசிச்சா ஒரு மாதிரி இருக்கும். அதுல 70 நிமிஷம் மட்டும் எனக்குத் துல்லியமா தெரியும். என் லேப்டாப்போட பேட்டரி செத்து ரொம்ப நாளாச்சு, சார்ஜர்லதான் உயிர் வாழுது. பேலஸ்க்குள்ள சேவ் பண்ற ரூமைத் தேடிக்கிட்டே போயிட்டிருந்தோம். தரமணியில ஒரு மழை ராத்திரி. கரண்ட் போச்சு. அவ்ளோதான்.

"போயிட்டிருந்தோம்"னு பன்மையில சொன்னேன்ல, அதுக்கு வர்றேன்.

நான் தங்கியிருக்கிறது தரமணி கானகத்துல ஒரு மாடி ரூம். ஹாஸ்டல் கிடைக்காததால ரெண்டாவது வருஷத்துல இருந்து அங்கதான். கூட இருந்தவன் மெக்கானிக்கல். திருவண்ணாமலை பக்கம், பன்னிரண்டாவது வரைக்கும் தமிழ் மீடியம். ரெண்டு பேரும் சேர்ந்துதான் இந்த கேமை ஆரம்பிச்சோம். பெர்சோனா 5ல சண்டையைவிடப் பேச்சுதான் அதிகம். பேச்சுன்னா சும்மா இல்ல, ஒரு சில நாள் ராத்திரி முழுக்க வசனத்தைப் படிச்சு பட்டனை அழுத்துறதைத் தவிர வேற எதுவுமே நடக்காது. ஜப்பானிஸ், இங்கிலீஷ், ஃப்ரெஞ்சு, ஜெர்மன், கொரியன்னு பல மொழி இருக்கு. தமிழ் இல்ல. நான் இங்கிலீஷ்ல ஒரு பார்வை பார்த்து அடுத்த வசனத்துக்குப் போயிடுவேன். அவன் "மச்சான், இரு இரு"ம்பான். அதனால நான் சத்தமா தமிழ்ல சொல்லிக்கிட்டே வர, அவன் சண்டை போடுவான். எனக்கு சண்டையில பொறுமை கிடையாது, அவனுக்கு எந்த எதிரிக்கு எது வீக்னஸ்னு தலைகீழா தெரியும்.

இதுல கத்துக்க வேண்டியது ஒண்ணு இருக்கு. எல்லாரும் சொல்ற "100 மணி நேரம்" யாரோட படிக்கிற வேகத்துல? பெரும்பாலும் இங்கிலீஷ் சரளமா படிக்கிறவங்களோட வேகத்துல. கேம்ல பாதி நேரம் வசனம்னு வச்சுக்குவோம், அதாவது 50 மணி. ஒருத்தர் படிக்க ஒன்றரை மடங்கு நேரம் எடுத்துக்கிட்டா அந்த 50, 75 ஆகும். மொத்தம் 125. அவர் விளையாட்டுல மெதுவு இல்ல, அவருக்குக் கொடுத்த கேள்வித்தாள்தான் நீளம். நாங்க மொழிபெயர்த்து, சிரிச்சு, நடுவுல "இவன் நம்ம பி.டி. சார் மாதிரியே இருக்கான்ல"ன்னு வம்பு பேசி விளையாடினதுல இன்னும் அதிகமாச்சு. அந்த மணி நேரங்களைக் குறைக்கணும்னு எனக்கு ஒருநாளும் தோணல.

சரி, இப்ப பாடம். ஆப்பரேட்டிங் சிஸ்டம்ஸ் பேப்பர்ல ரவுண்டு ராபின் ஷெட்யூலிங் படிச்சது ஞாபகம் இருக்கா? ஒவ்வொரு ப்ராசஸுக்கும் ஒரு டைம் குவாண்டம். ஒண்ணை நிறுத்தி இன்னொண்ணை எடுக்கும்போது பழையதோட நிலைமையைப் பத்திரமா எடுத்து வைக்கணும், புதுசோட நிலைமையை ஏத்தணும். அதுக்குப் பேர் கான்டெக்ஸ்ட் ஸ்விட்ச். அந்த நேரத்துல உருப்படியான வேலை எதுவும் நடக்காது. குவாண்டம் ரொம்பச் சின்னதா இருந்தா, ப்ராசஸர் ஸ்விட்ச் பண்றதுலேயே பொழுதைக் கழிச்சிடும். எக்ஸாமுக்கு எழுதி 13 மார்க் வாங்கினதோட மறந்துட்டோம். ஆனா நீளமான கேம்ல அதுதான் நடக்குது.

ஒரு தடவை உட்கார்ந்தா ஆரம்பத்துல ஒரு 10 நிமிஷம் போகும்: கேமைத் திறந்து, எங்க விட்டோம், எதுக்குப் பணம் சேர்த்தோம், யாரைப் பார்க்கப் போறதா இருந்தோம்னு ஞாபகப்படுத்திக்க. முடிவுல 5 நிமிஷம்: சேவ் பண்ண ஒரு இடம் தேட. மொத்தம் 15 நிமிஷம் ஸ்விட்சுக்கு. இப்ப வாரத்துக்கு 6 மணி நேரம் இருக்குன்னு வச்சுக்கோங்க. அதை 45 நிமிஷமா எட்டு தடவை விளையாடினா, ஒவ்வொரு தடவையும் 30 நிமிஷம்தான் கதை நகரும். 100 மணி நேரக் கதைக்கு 200 தடவை உட்காரணும், மொத்தம் 150 மணி, அதாவது 25 வாரம். அதே 6 மணி நேரத்தை 3 மணி நேரமா ரெண்டு தடவை விளையாடினா, ஒவ்வொரு தடவையும் 165 நிமிஷம் கதைக்குப் போகும். மொத்தம் 109 மணி, 18 வாரம். செலவழிச்ச நேரம் வாரத்துக்கு ஒண்ணுதான். வித்தியாசம் 7 வாரம், அரை செமஸ்டர்.

(மத்தவங்க சொல்ற 100லயே கொஞ்சம் ஸ்விட்ச் நேரம் சேர்ந்திருக்கும், அதனால நம்பர் துல்லியம் இல்லன்னு ஈசிஇ நண்பர் ஒருத்தர் முன்னாடியே சண்டைக்கு வந்துட்டார். ஒத்துக்கிறேன். விகிதத்தைப் பாருங்க, நம்பரை விடுங்க.)

தம்பி மாட்டினது இங்கதான். அவன் தினமும் ராத்திரி ரெக்கார்ட் நோட் எழுதி முடிச்சு, தூங்குறதுக்கு முன்னாடி அரை மணி நேரம் திறந்திருக்கான். கணக்குப்படி அதுல 15 நிமிஷம்தான் விளையாட்டு. நடுவுல மிட் செம், சிம்போசியம், ஊருக்குப் போனதுன்னு இடைவெளி வேற. பத்து நாள் கழிச்சுத் திறந்தா 10 நிமிஷத்துல ஞாபகம் வராது. முக்கால் மணி நேரம் ஆகும். சில பேர் அந்த முக்கால் மணி நேரத்துக்குப் பயந்தே திறக்கிறதில்ல. "எனக்கு இன்ட்ரெஸ்ட் போயிடுச்சு"ன்னு சொல்லிக்குவாங்க.

இந்த ஸ்விட்ச் செலவு புதுசு இல்ல. இந்த வகையை ஜப்பான்ல பெருசா ஆரம்பிச்சு வச்ச டிராகன் குவெஸ்ட் 1986 மே மாசம் ஃபேமிகாம் கன்சோலுக்கு வந்தது. எழுதி வடிவமைச்சவர் யூஜி ஹோரி, வெளியிட்டது எனிக்ஸ். அந்த கேட்ரிட்ஜோட மொத்த கொள்ளளவு 64 கிலோபைட். நம்ம வாட்ஸ்அப்ல வர்ற குட் மார்னிங் படம்கூட அதைவிடப் பெருசு. அதுக்குள்ள எப்படி இவ்ளோ நாள் ஓடுற கேம்? லெவல் ஏத்துறதுதான் பதில். ஸ்லைம்னு ஒரு குட்டி எதிரி, கொன்னா 1 பாயின்ட். ரெண்டாவது லெவலுக்கு 7 பாயின்ட். சின்ன வேலைதான். ஆனா ஒன்பதாவது லெவலுக்கு 1,300, பத்தாவதுக்கு 2,000. இடையில 700 பாயின்ட். அந்த நேரத்துல உங்களுக்கு ஒரு சண்டைக்கு 10 பாயின்ட் கிடைக்குதுன்னு வச்சா, 70 சண்டை. புதுசா படமோ கதையோ எதுவும் வேண்டாம், இருக்கிறதையே திரும்பத் திரும்ப ஓட விட்டா மணிக்கணக்குல நீளும். மொத்த பாயின்ட் எவ்ளோ வரைக்கும் ஏறும் தெரியுமா? 65,535. சிஎஸ்இ மக்கள் இப்ப சிரிச்சிருப்பாங்க. 16 பிட்டுல அதுக்கு மேல இடம் இல்ல.

இவ்ளோ நீளமான கேம், ஆனா அந்த கேட்ரிட்ஜ்ல சேவ் கிடையாது! நிறுத்தணும்னா ராஜாகிட்ட போகணும். அவர் 20 எழுத்துல ஒரு மந்திரம் சொல்லுவார், அதை நோட்டுல எழுதி வச்சுக்கணும். மறுநாள் அதை அப்படியே அடிச்சா விட்ட இடத்துல இருந்து தொடரலாம். 1987 ஜனவரியில வந்த ரெண்டாம் பாகத்துல ஆட்கள் மூணு பேரா ஆனாங்க, ஞாபகம் வைக்க வேண்டியது அதிகமாச்சு, மந்திரம் 52 எழுத்து வரைக்கும் நீண்டது. ஒரு எழுத்து தப்பா எழுதினா எல்லாம் போச்சு. மங்கலான டிவியில அந்த ஹிராகனா எழுத்துகளைப் பார்த்து எழுதுறதை, டிக்டேஷன்ல ல, ள, ழ மாத்தி எழுதி அடி வாங்கின நம்மாளுங்க நல்லா கற்பனை பண்ணிக்கலாம். அதாவது, அந்தக் காலத்துல கான்டெக்ஸ்ட் ஸ்விட்சோட மொத்த ரெஜிஸ்டரையும் பென்சில்லதான் எழுதினாங்க. 1988 பிப்ரவரியில வந்த மூணாம் பாகத்துலதான் கேட்ரிட்ஜுக்குள்ள பேட்டரி வச்சு சேவ் கொண்டுவந்தாங்க. அது புதன்கிழமை வந்ததால பசங்க ஸ்கூலுக்குக் கட் அடிச்சுட்டு கடை வாசல்ல வரிசையில நின்ன கதை அங்க பிரபலம். அதுக்கப்புறம் "வார நாள்ல டிராகன் குவெஸ்ட் விக்கக் கூடாது"ன்னு ஜப்பான்ல சட்டமே இருக்குன்னு ஒரு வதந்தி சுத்துது, நம்பாதீங்க.

சேவ் வந்தாலும் பாதிப் பிரச்சினைதான் தீர்ந்தது. கேமோட நிலைமை பத்திரமா இருக்கும், உங்க மண்டைக்குள்ள இருந்த நிலைமை? அதுக்கும் சிலர் யோசிச்சிருக்காங்க. 2004ல வந்த போகிமான் ஃபயர்ரெட்ல, சேவைத் திறந்ததும் கடைசியா நீங்க என்னென்ன பண்ணீங்கன்னு குட்டிக் குட்டிக் காட்சியா ஓடும். டிராகன் குவெஸ்ட் 11ல லோட் ஆகும்போதே "இதுவரை நடந்த கதை" வரும். சீரியல்ல "முன்கதைச் சுருக்கம்" போடுறாங்கல்ல, அதே.

முன்கதைச் சுருக்கம்னதும் எங்க பாட்டி ஞாபகம் வருது. பொன்னியின் செல்வன் கல்கி பத்திரிகையில 1950 அக்டோபர்ல ஆரம்பிச்சு 1954 மே வரைக்கும் வாரா வாரம் வந்தது. அஞ்சு பாகம், மூன்றரை வருஷம். எங்க பாட்டி அதைப் படிச்சது பின்னாடி மறுபடியும் தொடரா வந்தப்ப, அவங்களுக்கு அப்ப பதினாலு வயசு. வாரத்துக்கு அரை மணி நேரம் படிப்பாங்களா, மீதி ஆறு நாள் அதைப் பத்தியே பேசுவாங்களாம். பக்கத்து வீட்டு அக்காவும் அவங்களும் கிணத்தடியில நின்னு நந்தினி அடுத்து என்ன பண்ணுவான்னு சண்டையே போட்டிருக்காங்க. என் கணக்குப்படி பார்த்தா இது படுமோசமான ஷெட்யூல்: சின்ன குவாண்டம், பெரிய இடைவெளி. ஆனாலும் முடிச்சாங்க. ஏன்னு யோசிச்சா எனக்குக் கிடைச்ச பதில் இதுதான்: அந்த ஆறு நாள் பேச்சுதான் ஸ்டோரேஜ். கதையோட நிலைமை அவங்க ஒருத்தங்க தலையில மட்டும் இல்ல, தெருவுல நாலஞ்சு பேர் தலையில பிரிச்சு வச்சிருந்தது. ஒருத்தி மறந்தா இன்னொருத்தி எடுத்துக் கொடுப்பா. அந்தத் தொடரை வாரா வாரம் கிழிச்சு பைண்ட் பண்ணி வச்சிருந்தது எங்க வீட்டுப் பரண்ல ரொம்ப நாள் இருந்தது. நம்ம தரமணியிலேயே ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகம் இருக்கு, பழைய தமிழ் அச்சுப் புத்தகங்களையும் பத்திரிகைகளையும் காப்பாத்தி வைக்கிற இடம். அந்தப் பக்கம் நடந்து போகும்போதெல்லாம், நம்ம ஊர்ல சேவ் ஃபைல் வைக்கிற இடம் இதுதான்னு தோணும்.

அந்தக் கேம்லயே இதுக்கு ஒரு அழகான காட்சி இருக்கு. ஹீரோ தினமும் ரயில்ல ஸ்கூலுக்குப் போவான். எப்பவாவது சீட் கிடைக்கும். கிடைச்சா உட்கார்ந்து கையில இருக்கிற புத்தகத்தைப் படிக்கலாம், அதுக்கு அந்த நாள்ல இருந்து நேரம் கழியாது. நான் தரமணி ஸ்டேஷன்ல பறக்கும் ரயில் ஏறி மண்டைவெளி வரைக்கும் போற நாள்ல, லேப்டாப்பைத் திறக்க முடியாது. ஆனா நோட்டைத் திறக்கலாம். நேத்து எங்க விட்டேன், இன்னிக்கு என்ன பண்ணனும்னு படிச்சிட்டு வந்தா, ராத்திரி அந்த 10 நிமிஷம் 2 நிமிஷமா குறையுது. ஸ்விட்ச் செலவை ரயில்லயே கட்டியாச்சு.

இப்ப உங்க கணக்கைப் போடுங்க. 168 மணி நேரத்துல இருந்து கழிச்சுப் போட்டு "எனக்கு வாரத்துக்கு 10 மணி ஃப்ரீ"ன்னு எழுதாதீங்க. நான் அப்படித்தான் எழுதினேன். அப்புறம் நாலு வாரம் உண்மையா விளையாடினதைக் குறிச்சு வச்சேன்: 5, 8, 0, ஆறரை. சராசரி 5க்குக் கொஞ்சம் கீழ. அந்த 0 வந்த வாரம் ப்ராஜெக்ட் ரிவ்யூ. ஃபைனல் இயர்ல 0 வர்ற வாரம் கண்டிப்பா வரும், அதைக் கணக்குல சேர்க்காம யாரும் எனக்கு ப்ளான் காட்ட வேண்டாம். வாரத்துக்கு 5ன்னா 109 மணி நேரத்துக்கு 22 வாரம். ஒரு செமஸ்டர் கிட்டத்தட்ட 15 வாரம். ஆக, தம்பி கேட்ட கேள்விக்கு நான் சொல்லியிருக்க வேண்டிய பதில்: "நீ சனி, ஞாயிறுல மட்டும் உட்கார்ந்தா ஒண்ணரை செமஸ்டர் ஆகும்டா. நடுவுல எக்ஸாம் வரும். வந்தா வரட்டும், ஒரு பேலஸ் முடிச்ச இடத்துல நிறுத்து, பாதியில நிறுத்தாதே. நிறுத்தும்போது மூணு வரி எழுதி வை." அவன் 19 மணி நேரத்துல இருந்தது சோம்பேறித்தனம் இல்ல. அவனோட வாரத்துல அவ்ளோதான் இடம் இருந்தது. இதை அவன்கிட்ட சொன்னப்ப, "அப்போ கேட்டுக்கும் இதே கணக்கு போடலாமாண்ணா"ன்னு கேட்டான். போடலாம். ஆனா அது வேற கட்டுரை, அதை எழுதுற தகுதி எனக்கு இல்ல.

எங்க 61 மணி நேரத்துக்கு வர்றேன். ஏழாவது செமஸ்டர்ல ரூம்மேட்டுக்கு ஓசூர்ல இன்டர்ன்ஷிப் கிடைச்சது. ரெண்டு பை, ஒரு பக்கெட்டோட எஸ்.ஆர்.பி. டூல்ஸ் ஸ்டாப்பிங்ல பஸ் ஏத்திவிட்டேன். "நீ விளையாடி முடிச்சிடு மச்சான், எனக்குக் கதையைச் சொல்லு"ன்னான். நான் திறக்கல. அஞ்சு மாசம் கழிச்சு ஒரு ஞாயித்துக்கிழமை திறந்தேன். கேம்ல செப்டம்பர், ஹவாய் டூர் முடிஞ்சு பசங்க திரும்பி வந்திருந்தாங்க. கதை எனக்கு ஞாபகம் இருந்தது, எல்லா வசனமும் நான்தானே படிச்சேன். ஆனா கையில இருக்கிற பெர்சோனாக்கள்ல எதை எதோட சேர்க்கப் போறதா இருந்தோம், ஏன் ரெண்டு லட்சம் யென் தொடாம வச்சிருந்தோம், ஒண்ணும் தெரியல. முதல் சண்டையிலயே செத்தேன். பாதி ரெஜிஸ்டர் ஓசூர்ல இருந்தது.

அன்னிக்கு ராத்திரி அவனுக்கு ஃபோன் பண்ணேன். நைட் ஷிஃப்ட் முடிச்சு சாப்பிட்டுக்கிட்டு இருந்தான். கேம்னு சொன்னதும், "ஒரு நிமிஷம் இரு மச்சான்"னு போய் பெட்டியைத் திறக்கிற சத்தம் கேட்டது. மெஷின் டிசைன் ரஃப் நோட்டோட கடைசி பத்து பக்கத்துல எல்லாத்தையும் எழுதி வச்சிருக்கான். எந்த எதிரிக்கு நெருப்பு, எதுக்கு மின்னல், எதைச் சேர்த்தா என்ன வரும், எல்லாம் தமிழ்ல. அந்த ரெண்டு லட்சம் எதுக்குன்னும் இருந்தது. நோட்டை ஓசூருக்கு எடுத்துட்டுப் போயிருக்கான்கிறது எனக்கு அன்னிக்குத்தான் தெரியும்.

மருகி நாலாவது ரேங்க்ல இருக்கார். கேம் காலண்டர்ல நவம்பர் 18க்கு இன்னும் ரெண்டு மாசம் இருக்கு, அவர் எல்லா நாளும் கிடைக்க மாட்டார். கதைக்கு இன்னும் 40 மணிக்குக் குறையாம மீதி இருக்கு, எங்க வேகத்துல 50. அவனுக்கு மாசத்துல ரெண்டு சனிக்கிழமை லீவு. வந்தா ரெண்டு நாள்ல 10 மணி நேரம் உட்கார முடியும். அஞ்சு தடவை வரணும். ஏப்ரல்ல நான் ரூமைக் காலி பண்றேன். இது ஜனவரி கடைசி. மார்ச்ல ஃபைனல் ரிவ்யூ இருக்கிற வாரத்தை 0ன்னு போட்டுக் கணக்குப் பண்ணா, ஒரு தடவைகூட அவன் வராம இருக்கக் கூடாது.

வர்ற சனிக்கிழமை காலையில வந்துடுவான். லேப்டாப்புக்குப் புது பேட்டரி மாத்திட்டேன்.